கைநாட்டுக்கு மேலே

போன வருஷம் ஊரில் பழைய தொட்டிக்கட்டு வீட்டைப் பிரித்தபோது அட்டாலியிலிருந்து ஒரு தகரப்பெட்டி இறங்கியது. கிரயப் பத்திரங்கள், கிஸ்து ரசீதுகள், கறையான் தின்ற இரண்டு பஞ்சாங்கங்கள். எல்லாவற்றுக்கும் அடியில் நான்காக மடித்த ஒரு விடுதலைப் பத்திரம். விஷு வருஷம் கார்த்திகை மாதம், அதாவது 1941 கடைசி. எழுதிக்கொடுத்தவர் எங்கள் அப்பாருவின் அண்ணன் சம்சாரம். நாங்கள் பெரியாத்தா என்று கூப்பிட்டவர். புருஷன் இறந்தது அதற்கு முந்தைய வருஷம். குழந்தை இல்லை. வருஷத்துக்கு இத்தனை மூட்டைச் சோளம், இரண்டு சீலை, குடியிருக்க வடபுறத் திண்ணையோடு ஓர் அறை. இவற்றைப் பெற்றுக்கொண்டு வீடு, ரொக்கம், பண்டபாத்திரம், கால்நடை, காடு, தோட்டம் எதிலும் தனக்கு யாதொரு பாத்தியமும் இல்லை என்று சம்மதிக்கிறார். கீழே இடது கைப் பெருவிரல் ரேகை. மை கொஞ்சம் அதிகமாக அப்பியிருக்கிறது.

அப்பாவிடம் காட்டினேன். "அவியளுக்கு என்ன கொறை வெச்சோம்? கடைசி வரைக்கும் சோறு போட்டோமில்ல?" என்றார். சோறு போட்டது உண்மைதான். அந்தத் திண்ணையில் உட்கார்ந்து கொட்டமுத்து உரித்த கைகளை நான் பார்த்திருக்கிறேன்.

அன்று இரவு ஆர். சண்முகசுந்தரத்தின் 'நாகம்மாள்' நாவலை மறுபடி எடுத்து வாசித்தேன். முன்பு வாசித்ததெல்லாம் 'வட்டார நாவலின் முன்னோடி' என்று பரீட்சைக்கு எழுதுவதற்காக. தாராபுரம் பக்கத்துக் கீரனூர்க்காரர் அவர். நாவல் 1942இல் வந்தது. எங்கள் பத்திரத்தின் மை காய்ந்த அடுத்த வருஷம். கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான்: கைம்பெண் நாகம்மாள், கொழுந்தன் சின்னப்பனிடம் நிலத்தில் பங்கு கேட்கிறாள். கெட்டியப்பன் தூண்டிவிடுகிறான், பங்குப் பேச்சு பகையாகிறது, கொலையில் முடிகிறது.

இதை 'கெட்ட சகவாசத்தால் குடும்பம் அழிந்த கதை' என்று வாசிப்பவர்கள் இன்றும் உண்டு. நானும் அப்படித்தான் எழுதி மார்க் வாங்கினேன். இம்முறை வேறு ஒன்று கண்ணில் பட்டது. நாகம்மாள் கேட்பதை அதிகப்பிரசங்கம் என்று ஊர் நினைக்கலாம், ஆனால் அர்த்தமற்றது என்று நினைக்கவில்லை. செத்துப்போன அண்ணனுக்கு ஒரு பங்கு இருந்தது, அது எங்கே போயிற்று என்ற கேள்வி ஊருக்குப் புரிகிறது. புரிவதால்தான் சின்னப்பனுக்கு நெஞ்சு அடித்துக்கொள்கிறது. அந்தக் காலத்து நீதிமன்றத்தில் இதே கேள்வியைப் போட்டிருந்தால் ஒரே வரியில் பதில் வந்திருக்கும். மிதாட்சரப்படி, பிரிவினையாகாத குடும்பத்தில் ஒருவன் ஆண்வாரிசு இல்லாமல் இறந்தால் அவன் பங்கு மற்ற பங்காளிகளுக்குப் போகும். விதவைக்கு ஜீவனாம்சம் மட்டும்.

எங்கள் பக்கத்துக் காட்டுவேலை செய்யும் குடியானவர்களுக்கு மிதாட்சரம் எப்போது வேதமானது? பன்னிரண்டாம் நூற்றாண்டை ஒட்டி விஞ்ஞானேசுவரர் வடமொழியில் எழுதிய உரை அது. பல்லடத்துக்கும் காங்கயத்துக்கும் அதை யார் கொண்டுவந்தது? அச்சு கொண்டுவந்தது.

கம்பெனிக்காரர்கள் நீதிமன்றம் வைத்தபோது இந்துக்களுக்கு அவர்கள் சாஸ்திரப்படி தீர்ப்பு என்றார்கள். சாஸ்திரம் என்ன சொல்கிறது என்று துரைக்குச் சொல்ல நீதிமன்றத்தில் பண்டிதர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். பண்டிதர் சொல்வது ஆளுக்கு ஆள் மாறும், காசு வாங்கிக்கொண்டு மாற்றுகிறார் என்ற சந்தேகம் துரைக்கு எப்போதும் உண்டு. 1810இல் கோல்புரூக் மிதாட்சரத்தின் வாரிசுரிமைப் பகுதியை ஆங்கிலத்தில் அச்சாக்கியதும் துரையின் கையிலேயே சாஸ்திரம் வந்துவிட்டது. அதன்பின் தீர்ப்புத் தொகுதிகள் அச்சாக ஆரம்பித்தன. 1864இல் நீதிமன்றப் பண்டிதர், காஜி பதவிகளையே எடுத்துவிட்டார்கள். ஒரு மனிதரின் நினைவில் இருந்த சட்டம் அலமாரிக்குப் போயிற்று. அலமாரியைத் திறக்கத் தெரிந்தவர் வக்கீல்.

பண்டிதர் போனதற்கு யாரும் அழவேண்டியதில்லை. ஆனால் பண்டிதரிடம் ஒரு நெகிழ்வு இருந்தது: 'இந்தச் சாதியில், இந்த ஊரில் வழக்கம் அப்படி இல்லை' என்று அவர் சொல்ல முடியும். அச்சிட்ட பக்கம் அப்படிச் சொல்லாது. சொன்னால் ஆதாரம் கேட்கும். மதுரைச் சீமையைப் பற்றிப் பெரிய புத்தகம் எழுதிய ஜே.எச். நெல்சன் என்ற சிவிலியன், 1877இல் இதற்காகவே ஒரு நூல் போட்டுச் சண்டை பிடித்தார். இந்தப் பக்கத்துப் பெரும்பான்மைச் சனங்கள் காதாலும் கேட்டிராத வடமொழிச் சட்டத்தைச் சென்னை உயர்நீதிமன்றம் அவர்கள் தலையில் கட்டுகிறது என்பது அவர் வாதம். சக நீதிபதிகள் அவரை ஒரு கிறுக்கராகத்தான் பார்த்தார்கள். இத்தனைக்கும் 1868இலேயே ராமநாதபுரம் வழக்கில் பிரிவி கவுன்சில், வழக்கம் தெளிவாக நிரூபிக்கப்பட்டால் எழுதிய சாஸ்திரத்தைவிட அதுவே மேல் என்று சொல்லியிருந்தது. 'நிரூபிக்கப்பட்டால்' என்ற சொல்லில்தான் சங்கதி இருக்கிறது. வழக்கத்தை நிரூபிக்க என் ஊர்க்காரனிடம் என்ன இருந்தது? நாலு பெரியவர்களின் வாய்.

யாழ்ப்பாணத்தார் இந்த இடத்தில் நம்மைவிடக் கெட்டிக்காரர்கள், அல்லது அதிர்ஷ்டசாலிகள். அவர்களுடைய தேசவழமையை 1707இலேயே டச்சு அதிகாரி கிளாஸ் ஐசாக்ஸ் எழுதிவைத்தார். பன்னிரண்டு முதலியார்கள் பார்த்துச் சரி என்றார்கள். 1806இல் ஆங்கிலேயர் அதைச் சட்டமாகவே ஏற்றார்கள். கொங்கு வழக்கத்தை யாரும் அப்படி எழுதவில்லை. நம்மிடம் இருந்தவை பட்டயங்களும் ஓலைகளும். புலவர் செ. இராசு அவற்றை ஊர் ஊராய் அலைந்து சேகரித்துப் பதிப்பித்தார். அவற்றைப் புரட்டினால் யாருக்கு எந்த முறை, எந்த மரியாதை, சாட்சிக்கு நின்றவர் யார் என்று வரிசையாக வரும். கடைசியில் சாபம்: மீறியவன் கங்கைக்கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போவான். அந்தச் சட்டத்தின் காவலர் பயம். முத்திரைத்தாளில் அந்த வரி இல்லை. அதன் இடத்தில் செக்‌ஷன் எண் வந்தது.

மாயூரம் வேதநாயகம் பிள்ளையை நினைக்காமல் இந்த இடத்தைத் தாண்ட முடியாது. நம் இலக்கிய விமர்சனம் அவரை 'முதல் நாவலாசிரியர்' என்ற ஒற்றை நாற்காலியில் உட்காரவைத்து மாலை போட்டு மறந்துவிட்டது. திருச்சி ஜில்லா நீதிமன்றத்தில் ஆவணக் காப்பாளராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் வேலை பார்த்து முன்சீப் ஆனவர் அவர். 1805 முதல் 1861 வரையிலான சதர் நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழில் சுருக்கி 1862இல் 'சித்தாந்த சங்கிரகம்' என்று வெளியிட்டார். 56 வருஷத்துத் தீர்ப்புகள்! அதுவரை ஆங்கிலம் தெரிந்தவர் கையில் மட்டும் இருந்தது. முன்சீப் கோர்ட்டில் வழக்கு நடப்பது தமிழில், ஆனால் அந்த வழக்கைக் கட்டுப்படுத்தும் மேல்தீர்ப்பு இருப்பது ஆங்கிலத்தில். இந்த அபத்தத்தைத் தினமும் கண்ணெதிரே பார்த்த ஒரு மனிதர் செய்த வேலை அது.

அதே 1862இல்தான் சதர் நீதிமன்றம் மூடப்பட்டு உயர்நீதிமன்றம் வந்தது. இந்தியத் தண்டனைச் சட்டம் அமலானதும் அந்த வருஷத்து ஜனவரி முதல் தேதிதான். அவர் தமிழில் கதவைத் திறந்த நேரத்தில் வீடே இடம் மாறிவிட்டது. புதிய வீட்டின் மொழி முழுக்க ஆங்கிலம். 1857இல் ஆரம்பித்த சென்னைப் பல்கலைக்கழகத்தில் படித்து பி.எல். பட்டத்தோடு வந்தவர்கள் ஜில்லா கோர்ட்டுகளில் நிறைந்தார்கள். தமிழ் மட்டும் தெரிந்த பழைய வக்கீல்கள் மெல்ல ஓரத்துக்குப் போனார்கள்.

1879இல் அச்சான 'பிரதாப முதலியார் சரித்திர'த்தைக் குறை சொல்பவர்கள் வழக்கமாகச் சொல்வது: கதை நிற்கிறது, உபதேசம் ஓடுகிறது. ஒப்புக்கொள்கிறேன், பல பக்கங்களில் எனக்கும் கொட்டாவி வந்திருக்கிறது. ஆனால் அந்த உபதேசத்தின் கட்டுமானத்தைப் பாருங்கள். ஒரு சங்கதி நடக்கிறது, இரண்டு தரப்பு பேசுகிறது, முடிவு சொல்லப்படுகிறது, அந்த முடிவிலிருந்து ஒரு பொதுவிதி எடுக்கப்படுகிறது. அடுத்த சங்கதி. தீர்ப்புச் சுருக்கம் எழுதிப் பழகிய கை அது. மேல்நாட்டு நாவலைப் பார்த்து எழுதியதால் வந்த தடுமாற்றம் என்று இதைச் சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை. 1859இல் 'நீதிநூல்' செய்யுளில், 1862இல் தீர்ப்பு வசனத்தில், பிறகு கதையில், ஒரே மனிதர் ஒரே காரியத்தை மூன்று தடவை செய்துபார்த்திருக்கிறார். சனங்களுக்கு விதி தெரியவேண்டும். செய்யுள் எட்டவில்லை, சட்டப்புத்தகம் எட்டவில்லை, கதை எட்டுமா பார்ப்போம்.

அதனால்தான் ஆண்வேடத்தில் ஆட்சி செய்யும் ஞானாம்பாள் பகுதியை ஒட்டி நாவலில் வரும் நீதிமன்றப் பேச்சு வெறும் இடைச்செருகலாக எனக்குப் படவில்லை. நியாயாதிபதி தமிழர், வக்கீல் தமிழர், வழக்காடுபவர் தமிழர், பிறகு ஆங்கிலத்தில் வாதம் யாருக்கு என்று வக்கீல்களைப் பிடித்துக் கிண்டல் செய்கிறார். சிரிப்பாகத்தான் இருக்கும். பதவியில் இருந்து ஓய்ந்த ஒரு முன்சீப்பின் வயிற்றெரிச்சல் அது என்று தெரிந்தபின் சிரிப்பு கொஞ்சம் குறையும்.

இங்கிலாந்திலும் இந்தக் கதை நடந்தது. பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லண்டனில் ஜான் ராஸ்டல் என்ற வக்கீல், அச்சகமும் வைத்திருந்தவர், பிரெஞ்சிலும் லத்தீனிலும் கிடந்த சட்டங்களை ஆங்கிலத்தில் சுருக்கி அச்சிட்டார். தாமஸ் மோரின் தங்கை புருஷன். அவரும் ஜெயித்தார் என்று சொல்லமுடியாது. சட்டப்புத்தகம் அதிகமானதில் முதலில் பலனடைந்தவர்கள் அங்கேயும் வக்கீல்களே.

நம் பக்கம் 1876இல் இந்தியத் தீர்ப்புத் தொகுதிகள் சென்னை வரிசையோடு வர ஆரம்பித்தன. 1891இல் மெட்ராஸ் லா ஜர்னல். மெட்ராசில் போனமாதம் சொன்ன தீர்ப்பைக் கோயம்புத்தூரில் எடுத்துக்காட்டலாம் என்றானது. பட்டணத்துப் பெரிய வக்கீலுக்கும் ஜில்லா வக்கீலுக்கும் இருந்த தூரத்தை அது நிஜமாகவே குறைத்தது. கோவையில் வக்கீல் தொழிலிலிருந்து பொதுவாழ்வுக்கு வந்த ஒரு தலைமுறையே உண்டு. ஆர்.கே. சண்முகம் செட்டியார் சட்டம் படித்தவர். 'கொங்குநாட்டு வரலாறு' எழுதிய கோவைகிழார் சி.எம். இராமச்சந்திரஞ் செட்டியார் வக்கீல். பழைய சாசனத்தைச் சாட்சியை விசாரிப்பதுபோல விசாரிக்கும் அவருடைய நடைக்கு அந்தத் தொழிலும் ஒரு காரணம் என்பது என் ஊகம். கோபாலபுரம் பக்கம் இன்றைக்குப் போனாலும் வக்கீல் ஆபீஸ் சுவரில் தங்க எழுத்துப் போட்ட பைண்டு புத்தகங்கள் நிற்கும். எல்லாம் கம்ப்யூட்டரில் வந்துவிட்டது, பிறகு எதற்கு என்று நண்பர் ஒருவரிடம் கேட்டேன். "கட்சிக்காரன் பாக்கணுமில்லீங்க" என்றார்.

கட்சிக்காரனுக்கு வந்து சேர்ந்த அச்சு வேறு. சந்தையில் சில்லறைக் காசுக்கு விற்ற கொலைச்சிந்து. யார் யாரைக் கொன்றான், போலீஸ் எப்படிப் பிடித்தது, செஷன்ஸ் கோர்ட்டில் என்ன சாட்சி, தூக்கா தீவாந்திரமா. பாடியே விற்பார்கள். எழுத்துத் தெரியாதவனுக்கும் 302 என்ற எண் தெரிந்தது இப்படித்தான். கொலைச்சட்டம் பாட்டாக வந்தது. பாகச்சட்டம் பாட்டாக வரவில்லை. சின்னப்பன் விழுந்தபின் நடந்ததை வைத்துச் சிந்து கட்ட ஆள் கிடைத்திருக்கும். அதற்கு முன்னால் நாகம்மாளுக்கு என்ன உரிமை என்று சொல்ல ஆள் கிடைத்திருக்காது.

இனி எங்கள் பத்திரம். 1937 ஏப்ரலில் இந்துப் பெண்கள் சொத்துரிமைச் சட்டம் அமலுக்கு வந்தது. அதன்பின் இறந்தவரின் விதவைக்கு, கூட்டுக்குடும்பச் சொத்தில் புருஷனுக்கு இருந்த அதே உரிமை, ஆயுள் வரையிலாவது. பிரிவினை கேட்கவும் செய்யலாம். 1941 ஏப்ரலில் ஃபெடரல் கோர்ட், இந்தச் சட்டம் விவசாய நிலத்தைத் தொடாது என்று சொல்லிவிட்டது. மதராஸ் மாகாணம் அந்த ஓட்டையை அடைத்தது 1947இல். நாகம்மாளின் புருஷன் எந்த வருஷம் செத்தான் என்று நாவலை வைத்துக் கணக்குப்போடுவது வீண். எப்படிப் போட்டாலும் அவள் கேட்ட காட்டில் அன்றைய சட்டம் அவளுக்குப் பங்கு தராது. ஊரின் நியாயம் ஒருபக்கம், அச்சிட்ட சட்டம் மறுபக்கம். சண்முகசுந்தரம் அரிவாளை வைத்த இடம் அந்த இடைவெளி என்றுதான் இப்போது எனக்குத் தோன்றுகிறது. அவர் இதைத் தெரிந்து செய்தாரா என்பது முக்கியமில்லை.

பெரியாத்தாவின் கணக்கு நேரடியானது. புருஷன் இறந்தது 1940. காடு, தோட்டம் கிடையாது, சரி. ஆனால் வீடும் ரொக்கமும் கால்நடையும்? அவற்றில் பாதி, கைநாட்டு வைத்த அன்று அவருடையது. பத்திரத்தை மறுபடி பார்த்தேன். நிலத்தோடு சேர்த்து ஒரே மூச்சில் எழுதவில்லை. வீடு, ரொக்கம், பண்டபாத்திரம், கால்நடை என்று முதலில் தனித்தனியாக எண்ணி எழுதிவிட்டு அப்புறம்தான் காடு, தோட்டத்துக்கு வருகிறது. குடியானவன் பத்திரத்தில் நிலம்தான் முதலில் வரும். எழுதிய கை, எது முதலில் விடுபடவேண்டும் என்று தெரிந்த கை. புதுச் சட்டத்தை எங்கோ அச்சில் வாசித்த ஒரு குமாஸ்தா. 'எழுதியவர்' என்று போட்டு அழகாகக் கையெழுத்தும் வைத்திருக்கிறார்.

1956இல் இந்து வாரிசுரிமைச் சட்டம் வந்து பெண்ணின் ஆயுள்கால உரிமையை முழு உரிமையாக்கியது. விட்டுக்கொடுத்து எழுதியவருக்கு அதனால் என்ன. அவர் அதற்கப்புறம் 20 வருஷத்துக்கு மேல் அந்தத் திண்ணையில் இருந்தார்.

வீட்டைப் பிரித்த மரத்தையும் கல்லையும் விற்ற பணத்தில் எனக்கும் ஒரு பங்கு வந்தது. பத்திரத்தை அப்பாவிடம் மறுபடி வாசித்துக் காட்டினேன், வரிசை மாறியிருப்பதைச் சொன்னேன். கொஞ்சநேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அந்தக் குமாஸ்தாவுக்கு அப்பாரு ஒரு வருசம் வெண்ணெய் கொண்டுபோய்க் குடுத்தாரு, எதுக்குன்னு அப்பத் தெரியல" என்றார்.