பிடிநடையும் கொற்கை முத்தும்: முத்தொள்ளாயிரப் பாடல்கள் இரண்டு

முத்தொள்ளாயிரத்தின் பாண்டியன் பாடல்களுள் ஒன்றில், மாறன் உலாவருங்கால் மெல்ல நடக்க அறியாத பிடியின் பெண்மையையே தலைவி ஐயுறுகிறாள். இதனை வெறும் நகைச்சுவை எனக் கொள்வது பொருந்தாது. பெண்ணின் நடைக்குப் பிடியின் நடையை உவமித்தல் தமிழ்க் கவிமரபு. இங்கோ பெண்மை அளவுகோலாகிறது, பிடி அளக்கப்படுகிறது.

தலைவியின் குறை யானையின் இயல்போடும் இயைகிறது. யானை குதிரையைப்போல் பாய்ச்சலுக்கு மாறுவதில்லை. மெல்ல நடப்பினும் விரையினும் அது கால் பெயர்க்கும் வரிசை ஒன்றே. 2003இல் 'நேச்சர்' இதழில் வெளிவந்த ஆய்வின்படி, மணிக்கு ஏறத்தாழ 25 கிலோமீட்டர் விரைந்தபோதும் தாய்லாந்து யானைகளின் நான்கு கால்களும் ஒருசேர நிலத்தைவிட்டு எழவில்லை. ஓடுவதாகத் தோன்றாமலே பிடி தெருவைக் கடந்துவிடும். கண்ணாரக் காணுமுன் மன்னன் மறைவான்.

முத்துப் பாடலிலும் இவ்வுத்தியே அமைகிறது. இன்றைய தூத்துக்குடி மாவட்டத்துக் கொற்கையில் மட்டுமன்று, மாறனை விரும்பியோர் கண்களிலும் முத்துப் பிறக்கும் என்கிறது அது. பாண்டியனின் பெருமைக்குரிய யானையும் முத்தும் இவ்விரு பாடல்களிலும் தலைவியின் இழப்புக்குச் சான்றாகின்றன. ஆகவே, இவற்றை அரசப் புகழ்ச்சியாக மட்டும் வகைப்படுத்துதல் அவள் முறையீட்டைக் கேளாது விடுவதாகும்.