தனிக்குடித்தனம் கேட்பது கொடுமையா?

1955 இந்துத் திருமணச் சட்டத்தில் கொடுமை என்பது முதலில் நீதிமன்றம் மூலம் பிரிந்து வாழ்வதற்கு மட்டும்தான் காரணம். 1976ல் வந்த திருத்தம்தான் அதை விவாகரத்துக்கும் காரணமாக்கியது. ஆனால் கொடுமை என்றால் என்ன என்று சட்டம் எங்கும் சொல்லவில்லை. ஒருவிதத்தில் அது நல்லதுதான். அடி உதையைப் பட்டியல் போடலாம். வருஷக்கணக்கில் முகம் பார்த்துப் பேசாமலே வதைப்பதை எப்படிப் பட்டியல் போடுவது?

2007ல் சமர் கோஷ் வழக்கில் உச்ச நீதிமன்றம் மனக்கொடுமைக்கு 14 உதாரணங்கள் கொடுத்தது. எல்லோருக்கும் பொதுவான அளவுகோல் கிடையாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. சரி, அளவுகோல் இல்லாத இடத்தை யார் நிரப்புவது? நீதிபதிதான். எதை வைத்து என்பதில்தான் சிக்கல்.

2016 அக்டோபரில் வந்த 'நரேந்திரா எதிர் கே. மீனா' தீர்ப்பைப் பாருங்கள். பெங்களூரு குடும்ப நீதிமன்றம் 2001ல் கணவருக்கு விவாகரத்து கொடுத்தது. கர்நாடக உயர் நீதிமன்றம் 2006ல் அதை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் மறுபடியும் கொடுத்தது. வீட்டு வேலைக்காரப் பெண்ணோடு கணவருக்குத் தொடர்பு என்று மனைவி சொன்னதற்கு ஆதாரமே இல்லை என்று நீதிமன்றம் கண்டது. இப்படிப்பட்ட பொய்ப் பழி மனக்கொடுமைதான், மறுக்க முடியாது. அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் பெற்றோரை நம்பி விட்டு மகன் தனியாகப் போவது இந்து மரபல்ல, வலுவான காரணமில்லாமல் மனைவி அதற்கு வற்புறுத்துவதும் கொடுமை என்று தீர்ப்பு சேர்த்துக்கொண்டது.

எனக்கு இந்தப் பத்திதான் இடிக்கிறது. 1993ல் பகத் வழக்கில் இதே நீதிமன்றம் வைத்த கேள்வி வேறு. இனி சேர்ந்து வாழவே முடியாத அளவுக்கு இவருக்கு மனவேதனை ஏற்பட்டதா என்பது அது. 2016 தீர்ப்பின் இந்தப் பத்தியோ மனைவி மரபுப்படி நடந்தாளா என்று பார்க்கிறது. கல்யாணமான அன்றே அம்மா அப்பாவை விட்டு வந்தவள் அவள். அது மட்டும் யாருக்கும் கொடுமையாகத் தெரிவதில்லை!

இன்னொரு முரண். 2005 குடும்ப வன்முறைச் சட்டத்தின் 19வது பிரிவில், பாதிக்கப்பட்ட பெண்ணுக்கு மாற்று வீடு பார்த்துக் கொடு, இல்லாவிட்டால் வாடகை கொடு என்று நீதிமன்றம் உத்தரவிடலாம். ஒரு சட்டத்தில் தனி வீடு நிவாரணம். இன்னொரு சட்டத்தில் அதைக் கேட்டால் கொடுமை ஆகலாம்.

வலுவான காரணம் இருந்தால் தப்பில்லை என்றுதானே சொன்னார்கள் என்பீர்கள். மாமியார் வீட்டில் நாலு சுவருக்குள் நடந்ததற்கு யாரைச் சாட்சிக்குக் கூப்பிடுவது?

சென்னை உயர் நீதிமன்றம் 2022ல் தந்த தாலி தீர்ப்பும் இதே கதைதான். கணவர் மீது ஆதாரமில்லாமல் பழி சுமத்தியதே அங்கே விவாகரத்துக்குப் போதும். தாலியைக் கழற்றியது மட்டுமே விவாகரத்துக்குக் காரணம் என்று நீதிமன்றமும் சொல்லவில்லை. ஆனால் தலைப்புச் செய்தியானது தாலிதான்.

நான் புரோகிராம் எழுதிப் பிழைப்பவன். தேவையில்லாமல் விட்டுவைத்த ஒரு வரியை எவனாவது ஒருநாள் எடுத்துப் பயன்படுத்துவான் என்பது எங்களுக்குத் தெரியும். தீர்ப்பில் கிடக்கும் வரியும் அப்படித்தான். அடுத்த வழக்கில் வக்கீல் அந்தப் பத்தியைத்தான் வாசிப்பார். எதிரில் நிற்பவள் பொய்ப் பழி எதுவும் சொல்லாத, தனியாக ஒரு சமையலறை மட்டும் கேட்ட பெண்ணாக இருக்கலாம்.