பன்னிரு நாள் கிறித்துமசுப் பாடல்: மறைபொருள் வாசிப்பும் வரலாற்றுச் சான்றும்

‘கிறித்துமசின் பன்னிரு நாள்கள்’ என்னும் ஆங்கிலப் பாடல், டிசம்பர் 25 தொடங்கும் பன்னிரு நாள்களில் அன்புக்குரியவர் அனுப்பிய பரிசுகளை அடுக்கிக் கூறுவது. சமய உரிமை மறுக்கப்பட்டிருந்த காலத்தில் இங்கிலாந்துக் கத்தோலிக்கர் தம் சிறார்க்கு மறைக்கல்வி புகட்ட அமைத்த மறைகுறிப்பே இப்பாடல் என்னும் கருத்து இன்று பரவலாக வழங்குகிறது. கௌதாரி கிறித்துவையும், இரு புறாக்கள் இரு ஏற்பாடுகளையும், நான்கு பறவைகள் நான்கு நற்செய்திகளையும் சுட்டும் என்பர். இவ்வாசிப்பின் வலிமை இங்கு ஆராயப்படுகிறது.

இப்பாடலின் அறியப்பட்ட பழைய அச்சு வடிவம், 1780 அளவில் இலண்டனில் வெளிவந்த ‘மிர்த் வித்தவுட் மிஸ்சீஃப்’ என்னும் சிறுவர் நூலில் உள்ளது. இது நினைவாற்றல் விளையாட்டாகவும் ஆடப்பட்டது. முன்னவர் கூறியதை முழுதும் ஒப்பித்துப் புதியதொன்றைச் சேர்க்க வேண்டும். தவறியவர் பணயம் இழப்பார். மறைகுறிப்பு என்னும் விளக்கமோ 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் எழுத்தில் பரவியது. அதற்குச் சமகாலச் சான்று எதுவும் காட்டப்படவில்லை.

பாட வரலாறும் இவ்விளக்கத்திற்குத் துணைநிற்கவில்லை. 1780 பதிப்பில் நான்காம் நாள் பரிசு ‘கரிய பறவைகள்’ எனப் பொருள்படும் வட்டாரச் சொல்லாகும். பிரெடரிக் ஆஸ்டின் 1909இல் வெளியிட்ட இசையமைப்பே அதனை ‘அழைக்கும் பறவைகள்’ என நிலைபெறச் செய்தது. எனவே, அழைப்பு என்னும் சொல்லின்மேல் நற்செய்தி அறிவிப்பை ஏற்றிக் காண்பது 1780 பாடத்திற்குப் பொருந்தாது.

கருத்துநிலையிலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. இரு ஏற்பாடுகள், நான்கு நற்செய்திகள், பத்துக் கட்டளைகள் ஆகியவற்றை ஆங்கிலிக்கத் திருச்சபையும் ஏற்றது. அவற்றை மறைத்துக் கற்பிக்கத் தேவையில்லை. ஏழு அன்னங்களை ஏழு அருளடையாளங்களாகக் கொள்ளும் வாசிப்பு மட்டுமே விலக்கு. அதற்கும் தூய ஆவியாரின் ஏழு கொடைகள் என்னும் மாற்று விளக்கம் வழங்குகிறது. திருத்தந்தையின் தலைமை போன்ற, உண்மையில் மறைக்க வேண்டியிருந்த கொள்கைகள் பட்டியலில் இல்லை.

எண் ஒற்றுமை ஒன்றே குறியீட்டிற்குச் சான்றாகாது. பிற்கால வாசகர் இப்பாடலில் சமயப் பொருள் காண்பது அவர்தம் உரிமை. அதனைப் பாடலின் தோற்ற வரலாறாக உரைப்பது வேறு. கத்தோலிக்கர் பட்ட துன்பம் ஆவணங்களால் நிறுவப்பட்டது. சான்றற்ற கதையை அதனோடு பிணைத்தால், கதை மறுக்கப்படும்போது மெய்யான வரலாறும் ஐயத்திற்கு உள்ளாகும்.