கரியும் கோதுமையும்: ஓ ஜொங்-ஹியின் ‘சீனத் தெரு’ காட்டும் துறைமுக வாழ்வு

கொரியப் போர் 1953இல் ஓய்ந்தபின் இஞ்சோன் துறைமுகத்தை அண்டி வாழ்ந்த எளியோரைக் களமாகக் கொண்டது, ஓ ஜொங்-ஹி 1979இல் வெளியிட்ட ‘சீனத் தெரு’ என்னும் சிறுகதை. கதைசொல்லி ஒரு சிறுமி. அவள் பூப்பெய்துவதோடு கதை முடிவதால், ஒரு பெண் பருவமடையும் கதையாகவே இது பெரிதும் வாசிக்கப்படுகிறது. அவ்வாசிப்புப் பிழையன்று, ஆயினும் கதையின் அடித்தளமாக அமைந்த உழைப்பின் கணக்கை அது காணாது விடுகிறது.

தொடக்கத்தில், மாவு ஆலையில் பாய்களில் பரப்பிய கோதுமையைக் காவலாளி இல்லாத நேரம் பார்த்துச் சிறுவர் வாயில் அள்ளிப் போட்டுக்கொள்கின்றனர். சரக்கு ரயில் நின்றதும் அதனடியில் நுழைந்து நிலக்கரியைத் திரட்டுகின்றனர். அக்கரி தின்பண்டமாக மாறுகிறது. துறைமுகத்தருகே கரி பணத்துக்கு நிகரானது என்பதைச் சிறுவரே அறிந்துள்ளனர். கதையில் பொருளியல் நுழைவது இவ்வாறே. கூலியாக அன்று, சிந்தியும் சிதறியும் கிடைப்பதாக.

அதே மாவு ஆலை கதையில் மீண்டும் வருகிறது. கதைசொல்லியின் தோழி சி-ஓக்கின் தந்தை அங்கே பணிபுரிபவர். இயந்திரப் பட்டையில் சிக்கி அவர் காலை இழக்கிறார். பெற்றோர் மகளை ஒரு சிகையலங்கார நிலையத்தில் விட்டுவிட்டு ஊரை நீங்குகின்றனர். பிள்ளைகளுக்கு ஒரு பிடி கோதுமை ஈந்த ஆலை, ஒரு குடும்பத்தையே கலைத்துவிடுகிறது. சி-ஓக் வீட்டில் குடியிருந்த மேகியோ, அமெரிக்கப் படைவீரன் ஒருவனால் மாடியிலிருந்து வீசப்பட்டு மாள்கிறாள். ஆலைத் தொழிலாளியின் காலும் மேகியின் உயிரும் இத்தெருவில் ஒரே தன்மையான இழப்புகளாகின்றன. இரண்டையும் கதைசொல்லி புலம்பலின்றி, விளக்கமின்றிச் சொல்லிச் செல்கிறாள்.

இங்கு ஒரு மறுப்பு எழக்கூடும். மூட்டை சுமப்போரின் குரலோ கூலிப் பூசலோ கதையில் இடம்பெறவில்லை. உழைப்பாளி முடமான பின்னரே வாசகர் கவனத்துக்கு வருகிறார். இம்மறுப்பு வலுவுடையது, சிறுமியின் பார்வை காரணங்களை மறைக்கவே செய்கிறது. எனினும் அப்பார்வையே, ஆலை விபத்து அத்தெருவில் எத்துணை இயல்பான செய்தியாக இருந்தது என்பதையும் உணர்த்துகிறது. வருந்தி விளக்கும் கதைசொல்லி ஒருவர் அமைந்திருப்பின் அவ்வியல்புத்தன்மை மறைந்திருக்கும்.

இறுதியில் தாய் எட்டாம் பிள்ளையைப் பெறும் வேளையில் மகள் பூப்பெய்துகிறாள். உழைப்பின் கணக்கோடு சேர்த்து வாசிக்கும்போது, இம்முடிவு ஒரு பெண்ணின் தனி அனுபவமாக மட்டும் நில்லாது, உடலே முதலும் உடலே செலவுமாகிய ஒரு வாழ்வினுள் அவளும் அடியெடுத்து வைப்பதாகப் பொருள்படுகிறது.