ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படங்களில் பாடகரின் இடம்

இந்தியச் சுயாதீன ஆவணப்பட வரலாற்றில் ஆனந்த் பட்வர்தன் (பி. 1950) பெறும் இடம் பெரும்பாலும் அவர் நடத்திய வழக்குகளைக் கொண்டே அளக்கப்படுகிறது. 'ராம் கே நாம்' (1992) நீதிமன்ற ஆணைக்குப் பின்னரே தூர்தர்ஷனில் ஒளிபரப்பாயிற்று. 'போரும் அமைதியும்' (2002) என்ற படத்திற்குத் தணிக்கை வாரியம் கோரிய வெட்டுகளை மும்பை உயர்நீதிமன்றம் 2003இல் ஏற்க மறுத்தது. இவை கருத்துரிமை வரலாற்றுக்கு உரியவை. கலை மதிப்பீட்டிற்குப் போதாதவை. வழக்கில் வென்ற படம் நல்ல படமாகவும் இருத்தல் வேண்டும் என்னும் கட்டாயம் இல்லை.

அவருடைய வளர்ச்சியை அறிய இரு படங்களை இணைத்து நோக்குதல் பொருந்தும். பம்பாய்க் குடிசைவாசிகள் வெளியேற்றப்படுவதைக் காட்டும் 'ஹமாரா ஷஹர்' (1985) படத்தில் ஒரு பெண், படமெடுக்க வந்தவரையே சினந்து கேட்கிறாள்: ஏழைகளைப் படம்பிடித்துப் பெயர் தேடிக்கொள்வதன்றி நீங்கள் செய்யப்போவது என்ன? படத்தொகுப்பில் எளிதாக நீக்கியிருக்கக்கூடிய அப்பகுதி நீக்கப்படவில்லை. ஆயினும், அதே படத்தில் பாடும் விலாஸ் கோக்ரே என்னும் தலித் பாடகர் அங்குக் குரலாக மட்டுமே நிற்கிறார்; அவருடைய வாழ்வு படத்தின் பொருளாகவில்லை.

1997 சூலை 11 அன்று மும்பை காட்கோபர் ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலை அவமதிக்கப்பட்டதை எதிர்த்துத் திரண்ட மக்கள்மீது காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. 10 பேர் இறந்தனர். சில நாள்களில் கோக்ரே தூக்கிட்டு இறந்தார். இடதுசாரிப் பாடகராக அறியப்பட்டிருந்த அவர், இறக்கும்போது தலையில் நீலத்துணி கட்டியிருந்தார். அத்துணியின் பொருளைத் தேடிச் சென்ற பயணமே, ஏறத்தாழ 14 ஆண்டுகள் எடுக்கப்பட்ட 'ஜெய் பீம் காம்ரேட்' (2011). வர்க்கம் பேசிய இயக்கம் சாதியை எவ்வளவு புரிந்துகொண்டது என்னும் வினா தோழமை அமைப்புகளை நோக்கியே எழுப்பப்படுகிறது. பட்வர்தனின் அரசியல் சார்பினை அறிந்தோர்க்கு இத்துணிவின் அளவு விளங்கும்.

'போரும் அமைதியும்' படத்தில் இயக்குநரின் விளக்கவுரை சில இடங்களில் காட்சிக்கு முன்னரே முடிவைச் சொல்லிவிடுகிறது. அணுகுண்டை எதிர்க்கும் நியாயம் வலிமையானதே. அந்நியாயத்தைக் காட்சிகளே தாங்கக்கூடியவை என்பதால் அவ்வுரை மிகையாகிறது. 'ஜெய் பீம் காம்ரேட்'டில் இந்நிலை மாறுகிறது. பாடல்களும் பாடுவோரின் பேச்சுமே படத்தை நடத்திச் செல்கின்றன. மூன்று மணி நேரத்திற்கும் மேலான நீளம் சிலரால் குறையாகக் கருதப்படலாம். ஆனால், பாடல்கள் துணுக்குகளாக நறுக்கப்படாமல் பாடுவோரின் வாதமாகவே முழுமை பெறுவதற்கு அந்நீளம் வேண்டியிருக்கிறது. கோக்ரேக்கு முதற்படத்தில் கிடைக்காத இடம் இதுவே. கபீர் கலா மஞ்ச் இளைஞர்களுக்கு அது அவர்கள் பாடிக்கொண்டிருந்த காலத்திலேயே கிடைக்கிறது; நக்சலைட்டுகள் என்ற குற்றச்சாட்டினால் அவர்கள் தலைமறைவாகும் செய்தியும் அப்படத்திலேயே பதிவாகியுள்ளது.