ஒரே படத்து நடிகர்

ஒரு படத்தில் நடித்துவிட்டுக் காணாமல் போகிற நடிகர்களைப் பற்றி எழுதும்போது நாம் பெருமூச்சுடன்தான் ஆரம்பிக்கிறோம். இன்னும் கொஞ்சம் அதிர்ஷ்டம் இருந்திருந்தால் என்று அங்கலாய்க்கிறோம். ஜான் ஸ்வீட் விஷயத்தில் அந்தப் பெருமூச்சு அநாவசியம் என்பது என் அபிப்பிராயம்.

1944-ல் மைக்கேல் பவலும் எமெரிக் பிரஸ்பர்கரும் சேர்ந்து எடுத்த படம் 'எ கான்டர்பரி டேல்'. கல்லூரியில் சாஸரோடு மல்லுக்கட்டியவர்கள் பெயரைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். இது யுத்தகாலத்துக் கதை. ஓர் அமெரிக்கச் சிப்பாய், ஓர் ஆங்கிலேயச் சிப்பாய், பண்ணை வேலைக்கு வந்த ஒரு பெண் மூவரும் இரவு ரயிலிலிருந்து கென்ட் பக்கத்துச் சிறு கிராமத்தில் இறங்குகிறார்கள். இருட்டில் பெண்கள் தலையில் பசையைக் கொட்டிவிட்டு ஓடுகிறவன் யார் என்று தேடுகிறார்கள். கதை நொண்டுகிறது. பசைக்காரன் யார் என்பது பாதிப் படத்துக்குள் நமக்குத் தெரிந்துவிடுகிறது. அது போகட்டும்.

அமெரிக்கச் சிப்பாயாக வருகிறவர்தான் ஸ்வீட். நிஜ வாழ்க்கையிலும் அவர் அமெரிக்க ராணுவத்தில் ஸார்ஜண்ட். அதற்குமுன் பள்ளி ஆசிரியர். ராணுவத்தார் போட்ட 'அவர் டவுன்' நாடகத்தில் அவரைப் பார்த்துப் பவல் பிடித்துவந்தார். எரிக் போர்ட்மன், டென்னிஸ் பிரைஸ் போன்ற தேர்ந்த நடிகர்களுக்கு நடுவே நிறுத்தினார். அவர்கள் கண்ணிமைப்பதில்கூட ஒரு கணக்கு இருக்கிறது. இவரோ வசனத்தை ஒரே தாளத்தில், பாடம் ஒப்பிப்பதுபோல் சொல்லிக்கொண்டு போகிறார். முதல் பத்து நிமிஷம் எனக்கும் பொறுமை போயிற்று.

பிறகு வண்டிப் பட்டறைக் காட்சி வருகிறது. கிராமத்துத் தச்சரோடு மரத்தைப் பற்றிப் பேசுகிறான் சிப்பாய்: எப்போது வெட்டுவது, எத்தனை வருஷம் காயவிடுவது. கடலுக்கு அப்பால் ஆரிகனில் தன் வீட்டார் செய்வதையே இந்தக் கிழவரும் செய்கிறார் என்று தெரிந்ததும் அவன் முகம் மலர்கிறதே, அதில் ஓர் அணுவும் மிகையில்லை. கூடவந்த லண்டன் பெண்ணுக்குப் பிடிகொடுக்காத கிராமம் அவனுக்குப் பிடிகொடுத்துவிடுகிறது.

"அவர் நடிக்கவில்லை, தாமாகவே இருந்தார்" என்று இதற்குச் சமாதானம் சொல்கிறார்கள். எனக்கு இது சம்மதமில்லை. ஸ்வீட் ஆரிகன்காரர் அல்ல, மினியாபொலிஸில் பிறந்தவர்; மர வியாபாரக் குடும்பத்துப் பிள்ளை என்பது கதாசிரியர் கொடுத்த வேஷம். நடிப்பு அதில் இருக்கிறது. நடிப்பின் பழக்கம்தான் இல்லை. பழக்கம் வந்திருந்தால் அடுத்த படத்தில் அந்த மலர்ச்சியைக் கேட்ட மாத்திரத்தில் எடுத்துக் கொடுத்திருப்பார். நாமும் அலுத்துப்போயிருப்போம். டென்னிஸ் பிரைஸ் இதற்குப் பிறகு 1949-ல் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் காரனெட்ஸ்' படத்தில் உச்சிக்குப் போனார், 1967-ல் திவாலானார், 1973-ல் இறந்தார். நீண்ட வாழ்க்கை எல்லோருக்கும் வரமாக அமைவதில்லை.

படத்துக்காகக் கிடைத்த 2,000 டாலரை ஸ்வீட் கறுப்பின மக்களின் உரிமைக்காக உழைத்த என்.ஏ.ஏ.ஸி.பி. சங்கத்துக்கு நன்கொடையாகக் கொடுத்துவிட்டார். வெள்ளையரையும் கறுப்பரையும் தனித்தனிப் படையாகப் பிரித்துவைத்திருந்த ராணுவத்தின் ஸார்ஜண்ட் செய்த காரியம் இது. பிறகு ஆசிரியர் தொழிலுக்கே திரும்பினார். 2000-ல், 84 வயதில், கான்டர்பரிக்கு ஒருமுறை வந்துபோனார், 2011-ல் காலமானார்.

அவருக்கு அநியாயம் நடந்தது வேறு இடத்தில். படத்தில் அந்தச் சிப்பாய், ஊரிலிருந்து காதலியின் கடிதம் வரவில்லையே என்று உள்ளுக்குள் குமைந்துகொண்டிருக்கிறான். கடைசியில் கான்டர்பரியில் ஒரு கட்டுக் கடிதம் கைக்கு வருகிறது. ஸ்வீட் அங்கே அதிகம் ஒன்றும் செய்வதில்லை. ஆனால் படம் முழுவதும் அடக்கிவைத்திருந்த ஏக்கம் நம் நெஞ்சை அடைக்கிறது. அமெரிக்காவில் வெளியிட்டபோது படத்தை வெட்டிச் சுருக்கி, கிம் ஹண்டரை அவன் மனைவியாக்கி, அவளுக்கு அவன் கதை சொல்வதாகப் புதுக் காட்சிகளை ஒட்டினார்கள். மனைவியை முதலிலேயே பக்கத்தில் உட்காரவைத்தபின் கடிதம் வந்தால் என்ன, வராவிட்டால் என்ன? 1977-ல் முழுப் படத்தையும் பழையபடி சேர்த்துக் கொடுத்த பிறகுதான் அந்தக் கடிதக்கட்டுக்கு மறுபடியும் கனம் வந்தது.