எத்துரூஸ்கரும் கந்தரோடையும்: தோற்றம் பற்றிய வினா குறித்து ஒரு நோக்கு

தமிழின் தொன்மை பற்றி எழுதப்பட்ட நூல்கள் பலவற்றில் ஒரு பட்டியலைக் காணலாம். சுமேரியர், எலாமியர், பாஸ்க்கர், எத்துரூஸ்கர் எனத் தம் மொழிக்கு உறுதியான உறவு நிறுவப்படாத மாந்தர் யாவரும் அப்பட்டியலில் ஒருவர்பின் ஒருவராக வந்து திராவிடரின் சுற்றத்தாராகிவிடுகின்றனர். இவ்வழக்கைத் தொடக்கியவர்கள் நம்மவர் அல்லர். நோர்வே நாட்டு இந்தியவியலாளரான ஸ்டென் கொனோவ் 1904ஆம் ஆண்டிலேயே எத்துரூஸ்க மொழியையும் திராவிட மொழிகளையும் ஒருங்குவைத்து ஒரு கட்டுரை எழுதினார். லாஹோவரியின் நூல் 1963இல் பம்பாயில் ஆங்கிலத்தில் வெளிவந்தபோது, மேற்குலகில் திராவிட மூலங்களைத் தேடிய நம் ஆர்வலர்க்குப் பெருவிருந்தாயிற்று. ஒலியொப்புமை கொண்ட சொற்களை அடுக்கி உறவு கற்பிக்கும் இம்முறை, ஒலிமாற்ற விதிகளை நிறுவிக் காட்டும் ஒப்பியல் மொழியியலின் முன் நிற்கமாட்டாது. இத்துடன் அதனை விட்டுவிடலாம்.

எத்துரூஸ்கரிடமிருந்து நாம் கற்கவேண்டியது வேறொன்று உண்டு. யாழ்ப்பாணத்தின் தொல்வரலாற்றை எவ்வாறு வினவுவது என்னும் பிரச்சினையோடு அது நேரடித் தொடர்புடையது. கலாநிதி பொ. இரகுபதி 1987இல் வெளியிட்ட யாழ்ப்பாணத்தின் ஆதிக் குடியிருப்புக்கள் பற்றிய ஆங்கில நூலையும், பேராசிரியர் கா. இந்திரபாலா 2005இல் ஆங்கிலத்திலும் 2006இல் தமிழிலும் வெளியிட்ட ‘இலங்கையில் தமிழர்: ஓர் இனக்குழு ஆக்கம் பெற்ற வரலாறு’ என்னும் நூலையும் மறுபடி படிக்கும்பொழுது இவ்வெண்ணம் எமக்கு வலுப்பட்டது.

எத்துரூஸ்கர் இன்றைய தொஸ்கானாவிலும் அதனைச் சூழ்ந்த மத்திய இத்தாலியப் பகுதிகளிலும் நகரங்களை அமைத்து வாழ்ந்தோர். ரோமர்க்கு முன்னர் அந்நிலத்தில் மேலோங்கியிருந்தோர். கி.மு. 700 அளவில் கிரேக்கரிடமிருந்து எழுத்தைப் பெற்றுக்கொண்டனர். அவர்தம் கல்வெட்டுக்களும் பொறிப்புக்களும் பத்தாயிரத்துக்கு மேற்பட்டவை. அவற்றின் எழுத்துக்களை எவரும் வாசிக்கலாம். ஆனால் மொழியோ இந்தோ ஐரோப்பியக் குடும்பத்தைச் சேராதது. பெயர்களும் ஈமச் சடங்குச் சொற்களும் போக எஞ்சியவற்றிற் பெரும்பகுதி இன்றும் முழுமையாக விளங்கவில்லை. 1964இல் பிர்கி என்னும் துறைமுகத்தில் மூன்று பொற்றகடுகள் கிடைத்தன. இரண்டு எத்துரூஸ்க மொழியில், ஒன்று பினீசிய மொழியில். ஒரே செய்தியை இரு மொழியிலும் கூறும் இத்தகடுகள் சில சொற்களைத் தெளிவித்தன. ஆயினும் பூட்டு முற்றாகத் திறக்கவில்லை.

இவர்கள் எங்கிருந்து வந்தனர் என்பதே ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேலாக முதல் வினாவாக இருந்தது. சிறிய ஆசியாவின் லிடியாவிலிருந்து கடல்வழியாக வந்தனர் என்றார் ஹெரொடோட்டஸ். அல்லர், அவர்கள் அம்மண்ணுக்கே உரியோர் என்றார் பின்வந்த டயோனீசியஸ். பத்தொன்பதாம் நூற்றாண்டு அறிஞர் மூன்றாவதாக ஒரு வடதிசை வருகையையும் சேர்த்தனர். இத்தாலியத் தொல்லியலாளர் மாசிமோ பல்லொத்தீனோ 1947இல் எழுதிய நூலில் இவ்விவாதத்தை வேறு தளத்துக்குக் கொண்டுசென்றார். ஒரு மக்கட்கூட்டம் எங்கோ முழுமைபெற்று, மூட்டை கட்டிக்கொண்டு வந்து இறங்குவதில்லை. உள்ளூர் மக்கள், வணிகம், வெளித்தொடர்பு, எழுத்து, நகராக்கம் ஆகிய பலவும் ஒரு நிலத்தில் நெடுங்காலம் கலந்து வினைபுரிந்ததன் பேறே எத்துரூஸ்கர். ஆகவே வினவவேண்டியது வருகையை அன்று, ஆக்கத்தை என்பது அவர்தம் வாதம். வில்லனோவப் பண்பாடு எனப்படும் முந்திய இரும்புக்கால ஈமத்தாழிகள் கிடைக்கும் தர்குவீனியா, வெயி முதலிய இடங்களே பின்னர் எத்துரூஸ்க நகரங்களானமை இதற்கு அரணாயிற்று. 2021இல் வெளியான மரபணு ஆய்வு, இத்தாலியிற் கிடைத்த 82 பேரின் எச்சங்களை ஆராய்ந்து, எத்துரூஸ்கர் தம் அயலவரான இலத்தீனரோடு பெரிதும் ஒத்த மரபினர் எனக் காட்டியது. இரத்தம் ஒன்று, மொழி வேறு. இனமும் மொழியும் ஒன்றே எனக்கொண்டு வரலாறு எழுதுவோர் இதனை நின்று நோக்குதல் வேண்டும்.

இனி எமது நிலத்துக்கு வருவோம். தெல்லிப்பழைச் சந்தியிலிருந்து காங்கேசன்துறை வீதி வழியே தெற்கு நோக்கி மல்லாகத்தையும் கடந்து சுன்னாகத்தை அடைந்து, மேற்கே திரும்பினால் கந்தரோடை. இச்சிறு தொலைவுக்குள் வரும் ஊர்ப்பெயர்கள் யாவும் ஒரு நூற்றாண்டுக்கு முன்னரே வழக்காடு மன்றத்தில் நிறுத்தப்பட்டவை. தெல்லிப்பழை தெல்லிப்பொலவாம், சுன்னாகம் ஹுணுகமவாம், வலிகாமம் வெலிகமவாம், கந்தரோடை கதுருகொடவாம். ஆதலால் இங்கு முதலில் வாழ்ந்தோர் சிங்களரேயாம். குடியேற்றவாட்சிக் கால அலுவலரும் அறிஞரும் தொடக்கிய இவ்வாதத்துக்கு மறுப்பாக நல்லூர் சுவாமி ஞானப்பிரகாசர் 1920களில் இலங்கை ஆதியில் திராவிடர் நாடே என எழுதினார். அவர்தம் மொழிப்புலமை பெரிது. எனினும் எதிரி வகுத்த களத்திலேயே அவரும் நின்றார் என்பதைக் கூறாமல் விட முடியாது. ‘முதலில் வந்தவன் யார்’ என்னும் வினாவை இருவரும் ஏற்றுக்கொண்டனர். விடையிலே மட்டும் வேறுபட்டனர்.

சுன்னாகத்தையே எடுத்துக்கொள்வோம். சிங்கள ‘ஹுணு’, தமிழ்ச் ‘சுண்ணம்’ இரண்டும் ‘சுண்ண’ என்னும் பிராகிருதச் சொல்வழி வந்தவை. சிங்களத்தில் முன்னைய சகரம் பின்னர் ஹகரமாயிற்று. தமிழ்ப்பெயர் சகரத்தைப் பேணி நிற்கின்றது. இன்றைய ‘ஹுணுகம’விலிருந்து ‘சுன்னாகம்’ பிறந்தது எனக் கூறுதற்கு இது இடந்தராது. அதேவேளை, ‘சுண்ணம்’ தூய தமிழ்ச் சொல் எனக்கொண்டு பெருமைப்படவும் இடமில்லை. தெல்லிப்பழையை அடுத்துள்ள வீமன்காமத்தின் ஈறும் பிராகிருதக் ‘காம’வோடு தொடர்புடையது என்பர். யாழ்ப்பாணத்து உழவர் வேளாண்மையைக் ‘கமம்’ என்று கூறுவதும் அவ்வழிப்பட்டதே என்பர். கமக்காரனைச் சிங்களவன் எனக் கூற எவரேனும் முன்வருவரோ? தொஸ்கானா என்பதும் எத்துரூஸ்கரின் பெயரே. ஆங்கு இன்று பேசப்படுவது இலத்தீன் வழிவந்த இத்தாலியம். அதனால் அவ்வூர் உழவர் தம் நிலத்தில் அந்நியராகிவிடவில்லை.

கந்தரோடையைத் தொல்லியல் உலகுக்கு அறிமுகஞ் செய்தவர் போல் பீரிஸ். 1917இலும் 1919இலும் வெளிவந்த அவர்தம் கட்டுரைகள், அங்குள்ள முருகைக்கற் சிறு தூபிகளையும், முத்திரை குத்தப்பட்ட நாணயங்களையும், உரோம நாணயங்களையும், கண்ணுக்கு மைதீட்டும் செப்புக் கோல்களையும் விவரித்தன. யாழ்ப்பாணத்தின் தொன்மையை மண்ணிலிருந்து நிறுவ முயன்ற அப்பணி பாராட்டற்பாலது. ஆயின் அவர் தூபியைக் கண்டவுடன் பௌத்தத்தையும், பௌத்தத்தைக் கண்டவுடன் சிங்களரையும் கண்டார். இவ்விரண்டாவது தாவலுக்குச் சான்று யாது? தமிழ்நாட்டில் பௌத்தம் பல நூற்றாண்டுகள் செழித்திருந்தது. மணிமேகலையின் ஆசிரியர் எம்மொழியில் எழுதினார் என்பதை நினைவூட்ட வேண்டியதில்லை. 1960களில் அத்தூபிகள் மீளமைக்கப்பட்டன. அதன்பின் இன்று நம் கண்ணுக்குத் தெரியும் வடிவத்தில் பழமை எவ்வளவு, மீளமைப்பு எவ்வளவு எனப் பார்வையாளன் பிரித்தறிதல் அரிது.

1970இல் பென்சில்வேனியாப் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தார் கந்தரோடையில் நடத்திய அகழ்வு, தூபிகளுக்கு அடியிலும் அப்பாலும் ஒரு நெடிய குடியிருப்பு வரலாறு உண்டெனக் காட்டியது. கறுப்பு–சிவப்பு மட்பாண்டமும் அதன்பின் உருளைக்கோலமிட்ட வணிகப் பாண்டமும் அங்குக் கிடைத்தன. முன்னது தென்னிந்தியப் பெருங்கற் பண்பாட்டின் அடையாளம். ஆதிச்சநல்லூருக்கு எதிர்க்கரையில் பொம்பரிப்பில் கிடைத்த ஈமத்தாழிகளும் இவ்வுறவையே கூறுவன. வில்லனோவத் தாழிகளுக்கும் எத்துரூஸ்க நகரங்களுக்கும் உள்ள தொடர்பை இவ்விடத்து வாசகர் நினைத்துக்கொள்ளலாம்.

இனி இரு சிறு பொருள்கள். ஒன்று கந்தரோடையிற் கிடைத்த மட்பாண்டத் துண்டு. பிராமி எழுத்தில் ‘தத்தனின் பாத்திரம்’ எனப் பொருள்படும் பிராகிருதத் தொடர் அதிற் பொறிக்கப்பட்டுள்ளது. மற்றது, 1980–81இல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தார் ஆனைக்கோட்டையில் பெருங்கற்காலப் புதைகுழியொன்றை அகழ்ந்தபோது மனித எலும்புக்கூட்டோடு கிடைத்த முத்திரை. அதில் மேலே பெருங்கற்காலக் குறியீடுகள். கீழே மூன்று பிராமி எழுத்துக்கள். ‘கோவேத’ என்பது பலரும் கொள்ளும் வாசிப்பு. ‘கோ’ என்னும் திராவிடச் சொல்லால் தலைவனொருவன் சுட்டப்படுகின்றான் என்பர்.

இரண்டும் வலிகாமத்தில், ஒன்றுக்கொன்று சில மைல் தொலைவுக்குள் கிடைத்தவை. ஒருசாரார் மட்பாண்டத் துண்டைக் காட்டி முத்திரையை மறைக்கின்றனர். நம்மவர் முத்திரையை மேடைதோறும் காட்டி, மட்பாண்டத் துண்டைப் பற்றி வாய்திறப்பதில்லை. இது நேர்மையன்று. அதனினும் மேலாக, இரண்டையும் ஒருங்கு வைக்கும்போது மட்டுமே தோன்றும் வரலாற்றை நாம் இழந்துவிடுகின்றோம். பெருங்கற் பண்பாட்டு மக்களிடையே வணிகமும் பௌத்தமும் பிராகிருதத்தைக் கொணர, உள்ளூர்த் தலைவன் திராவிடப் பட்டத்தோடு புதைக்கப்படும் ஒரு சமூகமே அது. தத்தன் வீட்டில் எம்மொழி பேசினான் என்பதை அவன் பாத்திரம் கூறாது. முத்திரையைப் பற்றியும் ஓர் எச்சரிக்கை தேவை. குறியீடுகள் எழுத்துக்களின் மொழிபெயர்ப்பாகலாம் எனக் கருதி, அதனை இருமொழிச் சாசனமாக்கிச் சிந்துவெளி எழுத்துக்கே திறவுகோல் தேடுவோர் உளர். வாக்கியம் வாக்கியமாக அமைந்த பிர்கித் தகடுகளே எத்துரூஸ்கத்தை முழுதும் விளக்கவில்லை. மூன்றெழுத்துப் பெயரொன்று எத்தனை சுமையைத் தாங்கும்?

இரகுபதியின் நூலின் சிறப்பு இங்கேதான் வெளிப்படுகின்றது. ஒரு பொருளை அல்லது ஒரு பெயரைப் பற்றிக்கொண்டு வாதாடாமல், குடாநாட்டின் மண், நீர், களப்பு, கரை ஆகியவற்றோடு குடியிருப்புக்களை இணைத்து அவர் நோக்கினார். தெல்லிப்பழை, அளவெட்டிப் பக்கத்து மாரி வெள்ளத்தை வாங்கிக் கந்தரோடைப் பக்கமாக ஓடி அராலியிற் களப்போடு கலக்கும் வழுக்கையாற்றின் வழியைப் பார்த்தவர்க்கு, செம்மண்ணும் வயலும் குளமும் கூடும் அவ்விடத்தில் ஊர் எழுந்தமை வியப்பன்று. மேற்பரப்பாய்வையே பெரிதும் சார்ந்துநின்றமை இந்நூலின் குறை. மேலே கிடக்கும் ஓடு காலவரிசையைச் சொல்லாது, அகழ்வே சொல்லும்.

இந்திரபாலாவின் நூலோ ஒரு கொள்கை மாற்றத்தின் ஆவணமாகும். 1965இல் இலண்டன் பல்கலைக்கழகத்துக்கு அளித்த ஆய்வேட்டில், கி.பி. பத்தாம் நூற்றாண்டுக்கு முன்னர் இலங்கையில் பரந்த தமிழ்க் குடியேற்றங்கள் இருந்தமைக்குச் சான்றில்லை என அவர் முடிவுசெய்திருந்தார். அம்முடிவைப் பலர் தத்தம் அரசியலுக்குப் பயன்படுத்தினர். வேறு பலர் அவரைத் தூற்றினர். நாற்பது ஆண்டுகளின் பின்னர், புதிய சான்றுகளின் முன் தம் பழைய கருத்தை அவர் தாமே மாற்றிக்கொண்டார். சிங்களவரும் தமிழரும் பெரும்பாலும் பொதுவான பழங்குடி மூதாதையரின் வழிவந்தோர்; மக்கள் பெயர்ச்சியைவிட மொழிப்பெயர்ச்சியே இரு குழுக்களையும் வேறாக்கியது என்பது அவர்தம் புதிய நிலைப்பாடு. தலைப்பிலுள்ள ‘ஆக்கம்’ என்னும் சொல் பல்லொத்தீனோவின் சொல்லுக்கு நேரானது. ஒருவரை மற்றவர் பின்பற்றினார் என்பது எம் கருத்தன்று. ஒரே வகையான முட்டுச்சந்திலிருந்து ஒரே வகையான வழியே வெளியேற முடிந்திருக்கின்றது.

எனினும் ஓரிடத்தில் நாம் நிறைவுகொள்ளவில்லை. அநுராதபுரத்தை மையமாகக் கொண்ட நிலத்தில் பிராகிருதம் மக்கள்மொழியாகிச் சிங்களமாயிற்று. அதே பிராகிருதம் கந்தரோடையிலும் வழங்கியிருக்க, வலிகாமத்தில் தமிழ் நிலைபெற்றது எவ்வாறு? வணிகமும் அயற்கரைத் தொடர்பும் என இந்நூல் பொதுவில் விடைதருகின்றது. பாசன அரசு வளர்ந்த இடத்துக்கும் கிணற்றுநீரில் தோட்டஞ்செய்த இடத்துக்கும் உற்பத்தி உறவுகளில் இருந்த வேறுபாடு மொழிப்பெயர்ச்சியை எவ்வாறு பாதித்தது என்னும் வினா நூலில் ஊன்றி ஆராயப்படவில்லை. ஆக்கம் என்பது சமூக உழைப்பின் வரலாறும் ஆதலால் இவ்வினாவைத் தவிர்க்கவியலாது.

இதற்கு விடை நூலகத்தில் கிடைக்காது. ஊரூராகச் சென்று அகழவேண்டும். இரகுபதி நடந்து திரிந்த நிலம் பின்னர் நடக்கவியலாத நிலமாயிற்று. 1990இல் தெல்லிப்பழை உள்ளிட்ட வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்தனர். நிலம் உயர்பாதுகாப்பு வலயமாயிற்று. போர் 2009இல் முடிந்தபின் கட்டங்கட்டமாகவே காணிகள் விடுவிக்கப்பட்டன. மீண்டு வருவோர் பாழடைந்த கிணறுகளைத் தூர்வாரியும் புது வீட்டுக்கு அத்திவாரம் வெட்டியும் வாழத் தொடங்கும்போது, மண்வெட்டிமுனையில் வரும் கறுப்பு–சிவப்பு ஓட்டை இனங்கண்டு, அது கிடைத்த ஆழத்தையும் இடத்தையும் குறித்துவைக்க அவ்வூர்ப் பாடசாலைகளின் உயர்வகுப்பு மாணவரைப் பயிற்றுதல் பல்கலைக்கழகத்துக்கு இயலாத காரியமன்று. வழுக்கையாறு தொடங்கும் பக்கத்திலிருந்தே அதனைத் தொடங்கலாம்.